மேனா வெளுத்த ஊர்

லுமாஃபா ஊரில் பிறந்த ஒரு குழந்தைக்குக்கூட மஞ்சள் காமாலை வந்ததில்லை, இனி வரவும் வராது. பூமியில் இப்படிப்பட்ட ஊர் இது ஒன்றுதான். இதைச் சொன்னவர் எங்கள் ஊர்த்தலைவர் டிகரேயா. சும்மா திண்ணைப் பேச்சாகச் சொல்லவில்லை. தலைநகர் சுவாவிலிருந்து கப்பலேறி ரொத்துமாத் தீவின் நோய்க் கணக்கு எடுக்க வந்த அதிகாரிகளுக்கு எதிரில், ஆரஞ்சு மரத்தடியில், சலவைச் சட்டை போட்டுக்கொண்டு, நெஞ்சில் கைவைத்துச் சொன்னார். அதிகாரிகளைத் தன் வலப்பக்கம் உட்காரவைத்திருந்தார். இடப்பக்கம் நின்று யார் பேசினாலும் அவருக்குக் கோபம் வரும், மரியாதைக் குறைவு என்பார். அதிகாரிகள் அவர் சொன்னதை எழுதிக்கொண்டார்கள். அரசாங்கம் எழுதிக்கொண்டால் எதுவும் உண்மையாகிவிடும். இது சாயந்திரத்துக்குள் ஆகிவிட்டது. அடுத்த வாரம் கடற்கரைச் சாலையில், "லுமாஃபா: மஞ்சள் காமாலை அறியாத ஊர்" என்று பலகை வைத்தார்கள். எழுதியவர் தச்சர் கஃபோவா. கைவசம் இருந்த பெயின்ட் மஞ்சள் ஒன்றுதான் என்பதால் அதிலேயே எழுதினார்.

தலைவர் பொய் சொன்னார் என்று யாரும் நினைத்துவிடக் கூடாது. எங்கள் ஊரில் அந்த நோயை எவரும் கண்ணால் பார்த்ததில்லை என்பது சத்தியம். பிள்ளை பிறந்த உடனே தாய்க்கும் பிள்ளைக்கும் மேனா பூசுவோம். மேனா என்றால் கிழங்கை இடித்து, கரைத்து, வண்டலாக்கிக் காயவைத்த மஞ்சள் தூள்; அதைத் தேங்காயெண்ணெயில் குழைத்துத் தடவுவது. தீவின் மற்ற ஊர்களில் நெற்றியில் ஒரு பொட்டளவு வைத்துவிட்டு வேலையைப் பார்க்கப் போய்விடுவார்கள். நாங்கள் அப்படிச் சிக்கனக்காரர்கள் இல்லை. உச்சி முதல் உள்ளங்கால் வரை, காது மடலுக்குப் பின்னால், கண் இமையின் மேல், விரல் இடுக்கில், பதினான்கு நாள், தினமும் இரண்டு தடவை. அந்தப் பதினான்கு நாளும் தாயும் பிள்ளையும் வாசற்படி தாண்டக் கூடாது. எல்லாக் குழந்தையும் பொன் மாதிரி மின்னும் ஊரில் எந்தக் குழந்தை நோயால் மஞ்சளாக இருக்கிறது என்று கண்டுபிடிக்கச் சொன்னால் கடவுளே கொஞ்சம் யோசிப்பார்.

இந்த வழக்கம் தலைவருக்கு முன்பே இருந்தது. அவர் பங்குக்கு அவர் சேர்த்தது தூக்கப் பாய். பிறந்த குழந்தை அழாமல், பாலுக்கு ஏங்காமல், நாளெல்லாம் தூங்கினால் அது பெரிய மனுஷனாக வரும் என்பது அவர் கொள்கை. அப்படித் தூங்குகிற பிள்ளைக்கு, ஓரத்தில் சிவப்புக் கம்பளி நூல் குஞ்சம் வைத்த வெள்ளைப் பாய் ஒன்றைத் தலைவர் கையாலேயே கொண்டுவந்து கொடுப்பார். தாய்மார்கள் போட்டி போட்டுக்கொண்டு பிள்ளைகளைத் தூங்கவிட்டார்கள். சில பிள்ளைகள் போட்டியை ரொம்பவும் மனதில் எடுத்துக்கொண்டு எழுந்திருக்கவே இல்லை. அவர்களைப் பரிசாக வாங்கிய பாயிலேயே சுற்றி, சர்ச்சுக்குப் பின்னால் வெள்ளைப் பவள மணல் கொட்டிப் புதைத்தோம். அப்படிப் பதினோரு சின்னக் கல்லறைகள். "தூக்கத்திலேயே போச்சு, கஷ்டப்படல" என்று சொல்லிவிட்டு எல்லோரும் வீட்டுக்குப் போனோம். எழுந்துவிட்ட பிள்ளைகளில் ஏழு பேருக்குக் காது கேட்கவில்லை. நூற்றுத் தொண்ணூறு தலைகள் உள்ள ஊரில் ஏழு பேர். பலகை எழுதிய கஃபோவா அவர்களில் மூத்தவர். கடல் இரைச்சலால் காது போய்விட்டது என்பது தலைவரின் விளக்கம். பக்கத்து ஊர்க்காரர்களுக்கும் அதே கடல்தான், அவர்களுக்கு நண்டு ஊர்வதுகூடக் கேட்கும். ஆனால் அதை யாரும் தலைவரின் எந்தப் பக்கத்திலும் நின்று சொல்லவில்லை.

சொன்ன ஒரே ஆள் நர்ஸ் மெகினி. பக்கத்து ஊரில் இருந்த சின்ன மருத்துவ நிலையத்தில், மோட்டார் சைக்கிளும் ஒரு நீல விளக்குமாக அவள் மட்டும்தான். ஒரே ஒரு குழந்தையை மேனா பூசாமல் பகல் வெளிச்சத்தில் பார்க்க வேண்டும் என்று மூன்று வருடம் கேட்டுக்கொண்டிருந்தாள். வயலுக்குள் தங்கம் இருக்கிறது, தோண்டிப் பார்க்கிறேன் என்று கேட்பவளைப் போல அவளைப் பார்த்தோம். தலைவருக்கு அவளைப் போலப் பேசிக்காட்டுவதில் தனித் திறமை. கல்யாணமோ கருமாதியோ, சாப்பாடு முடிந்ததும் எழுந்து நின்று குரலை மெலிதாக்கி ஆரம்பிப்பார்.

"பிள்ளைய எழுப்பி எழுப்பிப் பால் குடுக்கணுமாம்! ரெண்டு மணி நேரத்துக்கு ஒருவாட்டி! கப்பல் எஞ்சினுக்குக்கூட எவனும் அப்படி எண்ணெய் ஊத்த மாட்டான். அப்புறம் மூக்க அமுக்கிப் பாக்கணுமாம். எதுக்கு? பப்பாளியா அது, பழுத்துச்சான்னு பாக்க?"

சிரித்தோம். சிரித்தவர்களில் இதை எழுதுகிறவனும் உண்டு. வாயில் நிறையச் சேப்பங்கிழங்கு இருந்தது, புரையேறும் வரை சிரித்தேன்.

தொரிகா எங்கள் ஊருக்கு வாழ்க்கைப்பட்டு வந்தவள். ரொத்துமாக்காரிதான், ஆனால் பிறந்து வளர்ந்ததெல்லாம் சுவா இருக்கிற பெரிய தீவின் தங்கச் சுரங்க ஊரில். சகிமியைக் கட்டிக்கொண்டு வந்த மறு வருடம் ஒரு பெண் குழந்தை பெற்றாள், ரவாய் என்று பெயர். ரவாய் அழவே இல்லை. ஏழாம் நாள் பாய் வாங்கினாள், ஒன்பதாம் நாள் பதினோராவது கல்லறை ஆனாள். அதன்பின் தொரிகா இரண்டு வருடம் யாரோடும் சண்டை போடவில்லை. சுரங்க ஊர்க்காரி திருந்திவிட்டாள் என்று நாங்கள் பேசிக்கொண்டோம்.

இரண்டாவது பிள்ளை ஆண். திங்கட்கிழமை பிறந்தான். வழக்கப்படி மாமியார் வீட்டுப் பெண்கள் மேனா பூசிவிட்டுப் போனார்கள். செவ்வாய்க்கிழமை கொஞ்சம் அழுதான், புதன்கிழமை அழுகை குறைந்தது, வியாழக்கிழமை காலை தூக்கம் மட்டும் மிஞ்சியது. மார்பில் வைத்தால் இரண்டு இழுப்பு இழுத்துவிட்டு வாயைத் திறந்தபடி அப்படியே உறங்கிவிடுவான். செய்தி பரவி, எட்டு மணிக்கெல்லாம் தலைவர் பாயோடு வந்துவிட்டார்.

"அடேயப்பா, பெரிய மனுஷன்! எவ்வளவு நேரமாத் தூங்கறான்?"

"ஆறு மணி நேரம் ஆச்சு தலைவரே," என்றான் சகிமி. அவன் குரலில் பெருமை இருந்தது என்பதையும் எழுதிவைக்க வேண்டும்.

தொரிகா பாயின் குஞ்சத்தைத் தொட்டுப் பார்த்தாள். "இதே பாயத்தான் அவளுக்கும் குடுத்தீங்க."

"இதே மாதிரிப் பாய்மா," என்று தலைவர் பொறுமையாகத் திருத்தினார். "இதே பாய் இல்ல. அது அவகூடவே போயிருச்சுல்ல."

ஆறுதலாகத்தான் சொன்னார். அவருக்குத் தெரிந்த ஆறுதல் அவ்வளவுதான். தொரிகா குஞ்சத்தைக் கையிலிருந்து விட்டாள். பிறகு புருஷனிடம் திரும்பினாள்.

"நர்ஸக்காவக் கூட்டிட்டு வா."

"தலைவர் வந்திருக்காரே, தொரிகா."

"இருக்கட்டும். பாய் இருக்குல்ல, உக்காருவாரு. நீ ஓடு."

சகிமி ஓடினான். மெகினி அவனைப் பின்னால் ஏற்றிக்கொண்டு வந்து சேரும்போது ஒன்பதரை. தலைவர் உண்மையிலேயே பாயில் உட்கார்ந்து பப்பாளி சாப்பிட்டுக்கொண்டிருந்தார். மெகினி அவரிடம் உத்தரவு கேட்கவில்லை. வெதுவெதுப்பாகத் தண்ணீரும் பழந்துணியும் கேட்டாள். முதல் பாத்திரத் தண்ணீர் மேனாவோடு குழம்பாகிப் போனது. இரண்டாவது எலுமிச்சைச் சாறு மாதிரி இருந்தது. மூன்றாவது பாத்திரத்தில் தண்ணீர் தெளிவாக, அடியில் கீறல் தெரிகிற அளவுக்குச் சுத்தமாக நின்றது. பிள்ளை மட்டும் அப்படியே மஞ்சளாக இருந்தான். மெகினி அவனை வாசல் வெளிச்சத்துக்குக் கொண்டுபோய் மூக்கின் நுனியை விரலால் அமுக்கி எடுத்தாள். விரல் பட்ட இடம் வெளிறாமல் மஞ்சளாகவே தெரிந்தது. நெஞ்சில் அமுக்கினாள், தொடையில் அமுக்கினாள், முழங்காலுக்குக் கீழேயும் அதேதான். இமையைத் தூக்கினால் வெண்விழியில் வெண்மை இல்லை. லுமாஃபா ஊரின் சரித்திரத்தில் முதன்முதலாக ஒரு குழந்தையை நாங்கள் பார்த்தோம்.

"எல்லாப் பிள்ளைக்கும் கொஞ்சம் இப்படி வரும், தொரிகா. பழைய ரத்தம் உடையறப்ப வர்ற நிறம். பால் நெறைய உள்ள போனா மலத்தோட வெளிய போயிரும். இவன் சரியாக் குடிக்கல, அதனால உள்ளயே தங்கிருச்சு. தங்கினா தூக்கமாத் தள்ளும். தூங்கினா இன்னும் குடிக்க மாட்டான்."

"இப்படியே விட்டா?"

"மண்டைக்கு ஏறும். மொதல்ல காது போகும். அப்புறம் ஆளே போவான்."

தொரிகா ஜன்னல் வழியாக வெளியே பார்த்தாள். எதிரே கடற்கரைச் சாலையில் கஃபோவா ஏணியில் நின்று, மழையில் மங்கிய பலகைக்கு மறுபடி பெயின்ட் அடித்துக்கொண்டிருந்தார். கீழே நின்று ஒருவன் ஏணி சாய்கிறது என்று கத்தினான். கஃபோவா திரும்பவில்லை.

மெகினி பிள்ளையை உடனே மருத்துவ நிலையத்துக்குக் கொண்டுபோய் மஞ்சளைக் கரைக்கிற நீல விளக்கின் கீழ் வைக்க வேண்டும் என்றாள். வெயிலில் காட்டினால் போதாதா என்று சகிமி கேட்டான். போதாது, இந்த அளவுக்கு விளக்குதான் வேண்டும், பாலும் வேண்டும், எழுப்பி எழுப்பிக் கொடுக்க வேண்டும் என்றாள். அப்போது தலைவர் எழுந்தார். மூன்று பாத்திரத்தையும் பார்த்தவர் அவர். ஆனால் ஒரு பலகையைக் காப்பாற்ற வேண்டிய பொறுப்பும் அவரிடம்தான் இருந்தது. அரை நிமிடம் யோசித்துவிட்டுத் தீர்ப்புச் சொன்னார்.

"இது ஊருக்கு வந்த நோய் இல்ல. இவ பாலோட நோய். சுரங்க ஊர்ல தங்கத்தத் தின்னு வளந்த பால், மஞ்சளா இல்லாம வேற எப்படி இருக்கும்? பால நிறுத்து. டின் பால் வாங்கிக் குடு. பதினாலு நாள் முடியாம வாசப்படி தாண்டாத. தாண்டினா ஊர்ப் பேரு போயிரும்."

"பால் பத்தாததுதான் தலைவரே வியாதி," என்றாள் மெகினி. "அதையே நிறுத்தச் சொன்னா?"

"நீ சும்மா இரும்மா. கல்யாணம் ஆவாத பொண்ணு, ஒனக்குப் பால் பத்தி என்ன தெரியும்?"

"ஒங்களுக்குத் தெரியுமோ? நீங்க எத்தனை பிள்ளைக்குக் குடுத்தீங்க?"

தொரிகா கத்தவில்லை. கத்தியிருந்தால் நாங்கள் சமாதானம் செய்திருப்போம், அதில் எங்களுக்குப் பழக்கம் உண்டு. தலைவர் எழுந்ததால் காலியான பாயை அவள் கையில் எடுத்தாள். வெள்ளைப் பக்கத்தை மேலே திருப்பி, தன் முகத்தில் இருந்த மேனாவை அதில் அழுத்தித் துடைத்தாள். கழுத்தைத் துடைத்தாள். இரண்டு கைகளையும் துடைத்தாள். சிவப்புக் குஞ்சத்தால் கால்விரல் இடுக்கெல்லாம் துடைத்து, பாயைச் சுருட்டித் தலைவரின் கையில் கொடுத்தாள். பிறகு பிள்ளையை மார்போடு அணைத்துக்கொண்டு வாசற்படியைத் தாண்டினாள். அப்போது மணி பத்து.

பத்து மணிக்கு லுமாஃபா ஊரின் மேனா முழுவதும் வெள்ளையாகிவிட்டது. தொரிகா எந்த வீட்டைக் கடந்தாளோ அந்த வீட்டில் முதலில், அடுத்தடுத்து மற்ற வீடுகளில். கிண்ணத்தில் குழைத்து வைத்தது வெளுத்தது, ஓலையில் காயப்போட்டது வெளுத்தது, போன வருடப் பிரசவத்தில் துணியில் பிடித்த கறைகூட வெளுத்தது. சந்தேகப்பட்டவர்கள் தோட்டத்துக்கு ஓடிக் கிழங்கைத் தோண்டி உடைத்தார்கள்; முள்ளங்கி மாதிரி இருந்தது. வாசனை மட்டும் போகவில்லை. தலைவர் வீட்டில் எட்டுத் தகர டப்பா நிறைய வைத்திருந்தார். மூடி இறுக்கமாக இருந்ததால் அவை மட்டும் பத்தே கால் வரை தாக்குப்பிடித்தன.

வெளுத்த நிறம் எங்கே போயிற்று என்று அன்று யாரும் கேட்கவில்லை. கஃபோவா ஏணியிலிருந்து இறங்கி, கையில் பெயின்ட் சிந்திவிட்டது என்று மண்ணெண்ணெய் போட்டுத் தேய்த்தார், போகவில்லை, தேய்க்கத் தேய்க்க முழங்கை வரை ஏறியது. ஞாயிற்றுக்கிழமை எல்லோருக்கும் விடை கிடைத்தது. காது கேளாத ஏழு பேரும் சர்ச்சுக்கு வந்தபோது முகம், கை, கால், வெண்விழி எல்லாம் பழுத்த ஆரஞ்சின் தோல் மாதிரி இருந்தார்கள். நாற்பது வருடம், முப்பது வருடம், பத்தொன்பது வருடம் மேனாவுக்குள் ஒளிந்திருந்தது இப்போது ஒளிய இடமில்லாமல் வெளியே வந்துவிட்டது. ஏழு பேரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். பிறகு ஏழு பேரும் தலைவரைப் பார்த்தார்கள். பாதிரியார் அன்று பிரசங்கத்தைச் சுருக்கிக்கொண்டார். வெளியே வந்து பின்பக்கம் போனால், பதினோரு சின்னக் கல்லறைகளின் வெள்ளை மணலும் மஞ்சளாக இருந்தது. பெரியவர்களின் கல்லறைகள் வழக்கம்போல் வெள்ளை. முப்பது வருடத்துக்கு முன்னால் பிள்ளையைப் பறிகொடுத்த ஒரு கிழவி குனிந்து ஒரு பிடி மணலை அள்ளி, தலைவரின் சலவைச் சட்டையில் எறிந்தாள். அடுத்த பிடியை எறிய வேறு ஒருத்தி குனிந்தாள். மொத்தம் எத்தனை பிடி என்று நான் எண்ணவில்லை; நானும் ஒரு பிடி எறிந்தேன், நடுவில் எண்ணிக்கை விட்டுப்போயிற்று.

தலைவர் மறுநாளே கல்லறை மணலை வாரிக் கடலில் போடச் சொல்லி, புது மணல் கொட்டவைத்தார். மத்தியானத்துக்குள் அதுவும் மஞ்சளானது. பிறகு தொப்பி போட ஆரம்பித்தார். காரணத்தைச் சலவைக்காரி சொல்லிவிட்டாள்: அவருடைய இடது காது மட்டும் மஞ்சளாகியிருந்தது. அவரும் இந்த ஊரில் பிறந்தவர்தானே. அவர் தாயும் பிள்ளை நன்றாகத் தூங்குகிறான் என்று பெருமைப்பட்டவள்தானே.

அங்கே மருத்துவ நிலையத்தில் பிள்ளை கண்ணில் துணி கட்டி, நீல விளக்கின் கீழ் ஐந்து நாள் கிடந்தான். பாலுக்கு மட்டும் வெளியே எடுப்பார்கள். எடுத்தால் எழமாட்டான். சட்டையை அவிழ்த்து, உள்ளங்காலைச் சொறிந்து, முகத்தில் ஈரத்துணி வைத்து, ஒரு பக்கம் தூங்கினால் மறுபக்கம் மாற்றி, இரண்டு மணி நேரத்துக்கு ஒருமுறை தொரிகா அவனோடு மல்லுக்கு நின்றாள். "குடிடா, குடி. என்னை ஒருவாட்டி ஏமாத்தினது போதும்," என்று அவள் சொல்வது வாசல் வரை கேட்டதாம். ஏமாற்றியது அவன் இல்லை, அவன் அக்காவும் இல்லை. அது அவளுக்கும் தெரியும். மூன்றாம் நாள் கறுப்பாகப் போய்க்கொண்டிருந்த மலம் கடுகு மாதிரி மஞ்சளாக மாறியது. மெகினி அதைப் பார்த்துவிட்டுக் கை தட்டினாள். துணிகளைக் கடலில் அலசியவன் சகிமி. அந்தக் கரை ஒரு வாரம் மஞ்சளாக இருந்தது. மீன்கள் எதுவும் சொல்லவில்லை. சகிமி அலசும்போதெல்லாம், "ஆறு மணி நேரம்னு பெருமையாச் சொன்னேனே" என்று தன்னைத்தானே திட்டிக்கொண்டான். தொரிகா அவனை மறுத்துப் பேசவில்லை.

மனோவா என்று பெயர் வைத்து வீட்டுக்குக் கொண்டுவந்தார்கள். எடை ஏறியது, தானாக எழுந்து ஊரைக் கூட்டி அழுதான், சிறுநீர் தண்ணீர் மாதிரி போனான். ஆனால் லேசான மஞ்சள் நிறம் மட்டும் முகத்தில் தங்கிவிட்டது. மெகினி மறுபடி பரிசோதித்துவிட்டு, தாய்ப்பால் குடிக்கிற சில பிள்ளைகளுக்கு இப்படிச் சில வாரம் இருக்கும், நன்றாகக் குடித்து நன்றாக வளர்கிறவனை இது ஒன்றும் செய்யாது, பாலை மட்டும் நிறுத்திவிடாதே என்று சொல்லிப் போனாள். தலைவருக்கு இது போதுமானதாக இருந்தது. வெள்ளிக்கிழமைதோறும் வேலிக்கு வெளியே வந்து நின்றார்.

"நான்தான் சொன்னேன்ல, பால்லதான் கோளாறு. இன்னும் மஞ்சதான்!"

"ஆமா தலைவரே," என்று தொரிகா உள்ளேயிருந்து சொல்வாள். "ஒங்க காதும்தான்."

ஒன்பதாவது வாரம் பிள்ளையின் முகத்திலிருந்து அந்த நிறம் போய்விட்டது. தலைவரின் காதிலிருந்து போகவில்லை. நாலாம் மாதம் ஒருநாள், தொரிகா அவனை மரநிழலில் படுக்கவைத்துவிட்டுத் துணி காயப்போட்டுக்கொண்டிருந்தபோது, அவன் தலைக்குப் பின்னால் பத்தடி தள்ளி ஒரு சீமைப்பலாக் காய் தொப்பென்று விழுந்தது. மனோவா திடுக்கிட்டு இரண்டு கையையும் விரித்து அலறினான். தொரிகா ஈரத்துணியோடு அப்படியே தரையில் உட்கார்ந்து அழுதாள். ரவாய் போன நாளில்கூட அவள் அழுததை யாரும் பார்த்ததில்லை. இரண்டு பேருக்கும் சேர்த்து அன்று அழுதுவிட்டு, எழுந்து, அந்தக் காயைச் சுட்டுத் தின்றாள்.

பிறகு வருடங்கள் போயின. மேனா வெள்ளையாகவே விளைந்தது. அதையே பூசினோம், நெற்றியில் ஒரு பொட்டளவு. குழந்தைகளின் நிறம் குழந்தைகளின் நிறமாகவே தெரிந்தது. மஞ்சளானவர்கள் விளக்குக்குப் போய்த் திரும்பினார்கள். பன்னிரண்டாவது கல்லறை வரவில்லை. ஏழு பேரும் மஞ்சளாகவே நடமாடினார்கள். இருட்டில் மீன்பிடிக்கப் போகிறவர்கள் அவர்களில் ஒருவரைப் படகின் முன்னால் உட்காரவைத்துக்கொண்டால் விளக்குத் தேவைப்படவில்லை. பலகையில் எழுத்து மங்கியபோது, "மஞ்சள் காமாலையை ஒழித்த ஊர்" என்று புதிதாக எழுதும்படி தலைவர் கஃபோவாவிடம் சீட்டெழுதிக் கொடுத்தார். கஃபோவா சீட்டைப் படித்தார், மடித்துப் பையில் வைத்தார், ஒரு எழுத்துக்கூட இல்லாமல் பலகை முழுவதும் மஞ்சள் பெயின்ட் அடித்தார், அதன் நடுவில் தன் கையை வைத்துக் காட்டினார். கை தனியாகத் தெரியவில்லை. தலைவர் பலகையைக் கழற்றச் சொல்லவில்லை, பார்க்காத மாதிரி நடந்து போய்விட்டார்.

ஆனால் வாயை விடவில்லை. பிள்ளையை எழுப்பிப் பால் கொடுக்கிற தாய்மார்களைக் கண்டால் இன்னும் கப்பல் எஞ்சின் கதையைச் சொன்னார், மூக்கை அமுக்குவதைக் கண்டால் பப்பாளி கதையைச் சொன்னார். சிரிக்கிறவர்கள் குறைந்துபோனதால் சத்தத்தைக் கூட்டினார். அதற்கும் ஒரு நாள் வந்தது. எங்கள் தீவில் கல்யாணத்தன்று பெண் வீட்டார் ஒருத்திக்குக் கோமாளிப் பட்டம் கட்டிக் கையில் கம்பு கொடுப்பார்கள். அன்று பொழுது சாயும்வரை அவள் வைத்ததுதான் சட்டம். தலைவனாக இருந்தாலும் ஆடு என்றால் ஆட வேண்டும், கோபப்பட்டால் அவனுக்குத்தான் அவமானம். சகிமியின் தங்கை கல்யாணத்தில் அந்தக் கம்பு தொரிகாவிடம் போனது. அவள் நேராகத் தலைவரிடம் போய், இடப்பக்கமாகவே நின்று, ஒரு பெரிய சேப்பங்கிழங்கைத் துணியில் சுற்றி அவர் மடியில் வைத்தாள்.

"பேரப்பிள்ள பொறந்திருக்கான் தலைவரே. தூங்கறான். எழுப்புங்க."

கூட்டம் கொல்லென்று சிரித்தது. தலைவரும் சிரித்துக்கொண்டே கிழங்கைத் தட்டினார்.

"அப்படி இல்ல, உள்ளங்கால்ல. காலு எங்கன்னு தெரியலயா? ஆறு மணி நேரமாத் தூங்கறான், ஒங்களுக்குச் சிரிப்பா இருக்கா? மூக்க அமுக்குங்க. நல்லா வெளிச்சத்துல வச்சு. பழுத்துருச்சா? என்னது, கேக்கல. ஓ, இந்தப் பக்கம் ஒங்களுக்குத்தான் கேக்காதில்ல!"

வெயிலில் அந்தக் கிழங்கோடு அவரைப் பொழுது சாயும்வரை நிற்கவைத்தாள். இரண்டு மணி நேரத்துக்கு ஒருமுறை கம்பால் தரையைத் தட்டினாள், அவர் எழுப்பினார். இரண்டாவது தடவையே சிரிப்பு நின்றுபோனது. மூன்றாவது தடவை ஏழு பேரும் எழுந்து வந்து அவரைச் சுற்றி நின்றுகொண்டார்கள். பொழுது சாய்ந்ததும் தொரிகா கம்பை ஒடித்துப் போட்டாள், கிழங்கை வாங்கி அடுப்புக்குழியில் போட்டாள், வீட்டுக்குப் போனாள். தலைவர் மறுநாள், "கிழங்குக்குக் காது எங்கடா இருக்கு" என்று ஒரு புது நகைச்சுவை சொல்லிப் பார்த்தார். எடுபடவில்லை.

போன ஆரஞ்சுப் பருவத்தில் அவருடைய மகள் அகனிசி பிரசவத்துக்காகச் சுவாவிலிருந்து வந்தாள். செவ்வாய்க்கிழமை பிள்ளை பிறந்தது, பேரன்தான். வெள்ளிக்கிழமை காலை தொரிகா வழக்கப்படி ஒரு கூடை சேப்பங்கிழங்கை அந்த வீட்டுக்குக் கொண்டுபோனாள். சண்டை வேறு, பிள்ளை பிறந்த வீட்டுக்குக் கிழங்கு கொண்டுபோவது வேறு. முன்வாசலில் யாரும் இல்லை. சத்தம் வந்த பக்கவாசலுக்குப் போனவள் மாமரத்துக்குப் பின்னால் நின்றுவிட்டாள்.

தலைவர் தொப்பி இல்லாமல் படியில் உட்கார்ந்திருந்தார். மடியில் பிள்ளை. சாலையை ஒரு தடவை எட்டிப் பார்த்தார், யாரும் இல்லை. சட்டை நுனியைத் தண்ணீரில் நனைத்து, பிள்ளையின் நெற்றியில் இருந்த வெள்ளை மேனாவைத் துடைத்தார். வெயில் படுகிற பக்கமாகத் திருப்பி, கட்டை விரலால் மூக்கை அமுக்கினார். எடுத்தார், உற்றுப் பார்த்தார், மறுபடி அமுக்கினார். வலது காதை அதன் வாயருகே வைத்து மூச்சைக் கேட்டார். பிறகு உள்ளங்காலைச் சொறிய ஆரம்பித்தார்.

"எழுந்திர்ரா, பெரிய மனுஷா," என்றார். கொஞ்சம் நிறுத்தி, "பெரிய மனுஷன்லாம் ஒண்ணும் வேணாம். எழுந்து அழு. அழுடா ராசா," என்றார்.

அது முகத்தைச் சுளித்து, காலை உதைத்து, அழுதது. தலைவர் அதை மார்பில் போட்டுக்கொண்டு உள்ளே ஓடினார். "அகனிசி, மணியாச்சு, எழுந்திரு, அந்தப் பக்கம் குடு இப்ப," என்பது வெளியே கேட்டது.

தொரிகா கூடையைப் படியில் வைத்துவிட்டுச் சத்தம் போடாமல் வந்துவிட்டாள். இரண்டு மணி நேரம் கழித்துக் காலிக் கூடையை எடுக்கப் போனபோது, அவர் மறுபடியும் அமுக்கிக்கொண்டிருந்தார்.